ரினாத் அம்மாவிடம் பெண் கேட்கப் போன வெள்ளிக்கிழமை

இர்பித் நகரில் கார் ஓட்டும் பெண்களில் பாதிப் பேருக்கு ரினாத்தின் அம்மா விஸால்தான் கற்றுக்கொடுத்தார் என்று யாராவது சொன்னால் அவர் ஒப்புக்கொள்வதில்லை. "பாதி எல்லாம் கிடையாது. ஒழுங்கா ஓட்டுறவங்க மட்டும்" என்பார். இருபது வருடமாக அதே சின்ன வெள்ளைக் கார், அதே பக்கத்து இருக்கை, வலது கால் எப்போதும் தன் பக்கத்தில் உள்ள தனிப் பிரேக்கின் மேல். கற்க வருகிறவர்களில் வெளிநாட்டில் கணவன் இருப்பவர்கள் உண்டு, புதிதாகத் தனியாகிப்போனவர்கள் உண்டு. பாதிப் பேர் இரண்டாவது நாளே ஸ்டியரிங்கைப் பிடித்தபடி தங்கள் வீட்டுக் கதையைச் சொல்லி அழ ஆரம்பித்துவிடுவார்களாம். அதற்கு அவரிடம் ஒரே பதில்தான்: "அழறதா இருந்தா ரோட்டப் பாத்து அழு."

அவருடைய ஒரே மகள் ரினாத். ரினாத்துக்கு நாலு வயதாகும்போது அவள் அப்பா வெளிநாட்டுக்கு, தம்மாமுக்கு வேலைக்குப் போனார். மறுவருடம் அங்கேயே இன்னொரு குடும்பம். அதற்கடுத்த வருடம் விவாகரத்துத் தாள் வந்து சேர்ந்தது. அந்த அப்பாவின் தம்பி முஃப்லிஹ் அதன்பின் ஒரே ஒரு தடவை இந்த வீட்டுக்கு வந்தார். அண்ணன் வாங்கிய பொருள் என்று சொல்லி டிவியைத் தூக்கிக்கொண்டு போனார். பிறகு பதினெட்டு வருடம் ஆளைக் காணோம்.

நான் ரினாத்தைக் கட்டிக்கொள்ள விரும்பியவன். பெயர் ஷாஹிர். அஜ்லூன் மலைப்பக்கம் ஊர். எங்கள் குடும்பத்தில் பல்கலைக்கழகம் போய்ப் பட்டத்தோடு திரும்பிய முதல் ஆள் நான். இதை நான் சொல்லாவிட்டாலும் அப்பா சொல்லிவிடுவார். சான்றிதழுக்குக் கண்ணாடிச் சட்டம் போட்டு, வருகிறவர்கள் கண்ணில் முதலில் படும்படி மாட்டியிருக்கிறார். நில அளவை வேலை. இரண்டு பேர் வேலிக்குச் சண்டை போட்டால் கோடு எங்கே ஓடுகிறது என்று சொல்லி அவர்களை அடக்கியிருக்கிறேன். என் கல்யாணத்தில் மட்டும் கோடு எங்கே என்று எனக்குக் கடைசிவரை பிடிபடவில்லை.

எல்லாம் முன்பே முடிவாகிவிட்டது. வீடு பார்த்தாகிவிட்டது. தம்மாமிலிருந்து அவள் அப்பா கோர்ட்டுக்கு வேண்டிய சம்மதத் தாளில் கையெழுத்துப் போட்டு அனுப்பிவிட்டார். அவரிடம் எதையாவது கேட்டு உடனே கிடைத்தது அது ஒன்றுதான் என்றாள் ரினாத். மிச்சம் இருந்தது ஜாஹா மட்டும். எங்கள் பக்கத்து ஆண்கள் திரண்டு பெண் வீட்டுக்குப் போக வேண்டும். மூத்தவர் கையில் காப்பிக் கோப்பை கொடுப்பார்கள். அவர் அதைக் குடிக்காமல் கீழே வைத்துவிட்டுப் பெண் கேட்க வேண்டும். பெண் வீட்டு மூத்தவர் "கேட்டது கிடைச்சுது, குடிங்க" என்பார். இவர் குடிப்பார். அப்புறம் குனாஃபா இனிப்புத் தட்டுகள். பதில் தெரிந்த கேள்விக்கு நாற்பது பேர், பத்துப் பன்னிரண்டு வண்டி.

விஸால் ஒன்றே ஒன்று சொன்னார். பெண் வீட்டுப் பதிலை எந்த ஆணும் இல்லை, தானே சொல்வாராம்.

நான் சாதாரணமாகத் தலையாட்டிவிட்டு ஊருக்குப் போனேன். அப்பா முகம் போன போக்கைப் பார்த்த பிறகுதான் எதற்குத் தலையாட்டினேன் என்பது புரிந்தது. ஜாஹாவை நடத்த இருந்தவர் அப்பாவின் அண்ணன், ஹாஜி தியாப். சுற்று வட்டாரத்தில் அறுபத்து நாலு ஜாஹா நடத்தியவர், ஒன்றுகூடத் தவறியதில்லை என்று அவரே கணக்கு வைத்திருக்கிறார். முன்பே பேசி முடித்த இடத்துக்குப் போனால் எப்படித் தவறும் என்று நான் கேட்டதில்லை. கேட்டிருக்க வேண்டும்.

"பொம்பளகிட்ட எந்திரிச்சு நின்னு பொண்ணு கேக்கச் சொல்றியா?" என்றார் பெரியப்பா.

அப்படி ஒரு விதி எங்கும் எழுதப்படவில்லை என்றேன். அது தவறாகப் போய்விட்டது. படிக்க வைத்தது நிலம் அளக்கத்தானே, எங்களை அளக்கவா என்று அப்பா ஆரம்பித்தார். அண்ணிமார்கள் ஒருபக்கம், சித்தப்பாக்கள் ஒருபக்கம். எனக்கு எரிச்சல் தலைக்கேறியது. தியாப் பெரியப்பாவின் இரண்டு மகள்களும் விவாகரத்தாகி அவர் வீட்டில்தான் இருக்கிறார்கள். அவருக்கு இன்சுலின் போடுவது மூத்தவள். அவர் போனை எடுத்து அவர் சார்பில் பேசுவது இளையவள். அந்த வீட்டில் விளக்குப் போடுவதற்குக்கூட அவர்கள் சொல்ல வேண்டும். எங்கள் தெருவில் இப்போது எந்த வீட்டை எடுத்தாலும் இதுதான் கதை. காப்பி ஆறுகிற அந்தப் பத்து நிமிடத்துக்கு மட்டும் எங்கிருந்தாவது ஓர் ஆணைக் கொண்டுவந்து உட்கார வைக்க வேண்டுமாம். சுவீடனில் இருக்கும் என் அத்தை மகன் ஒரு புதன்கிழமை மதியம் நகராட்சி அலுவலகத்தில் கையெழுத்துப் போட்டுக் கல்யாணத்தை முடித்துப் படம் அனுப்பினான். பெண் பக்கம் ஒரு தோழியும் ஒரு நாயும். அதைப் பார்த்து ஊரே மூன்று நாள் தலையில் அடித்துக்கொண்டது. எனக்கென்னவோ அந்த நாய் மரியாதையாக உட்கார்ந்திருந்ததாகத்தான் பட்டது.

மறுபடி இர்பித்துக்குப் போய் விஸாலிடம் பேசிப் பார்த்தேன். அவர் கத்தவில்லை. கத்தியிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

"ஸ்கூல்ல இவ மேல புகார் வந்தா யாரக் கூப்பிட்டாங்க? என்னைத்தான். காலேஜ்ல எடத்துக்கு அலைஞ்சது யாரு? நான். நல்ல வார்த்தை சொல்றதுக்கு மட்டும் ஒரு ஆம்பள வேணுமா தம்பி?"

நியாயம்தான் என்றேன். நியாயம் என்று சொல்லிவிட்டு நான் செய்த வேலையைக் கேளுங்கள். நேராகப் போய் முஃப்லிஹைக் கண்டுபிடித்தேன். ஹுஸ்ன் பக்கம் டயர் கடை வைத்திருந்தார். அண்ணன் மகளுக்காக வந்து பதில் சொல்ல வேண்டும் என்றதும் அந்த மனிதருக்கு வந்த பூரிப்பு இருக்கிறதே, பதினெட்டு வருடமாக யாராவது வந்து அழைக்க மாட்டார்களா என்று டயர்களுக்கு நடுவில் காத்திருந்தவர் மாதிரி என் கையைப் பிடித்துக்கொண்டார். வெள்ளிக்கிழமை ஜாஹா. புதன்கிழமைதான் விஸாலிடம் சொன்னேன், அதுவும் போனில்.

பெயரை மறுபடி சொல்லச் சொன்னார். பிறகு, "வரட்டும். உக்காரட்டும்" என்று வைத்துவிட்டார். ரினாத் இரண்டு நாள் என் அழைப்பை எடுக்கவில்லை. ஒரே ஒரு செய்தி அனுப்பினாள்: டிவியையும் கொண்டுவருவாரா என்று கேள்.

வெள்ளிக்கிழமை பிற்பகல் அஸர் தொழுகை முடிந்து பதினோரு வண்டியில் முப்பத்தெட்டுப் பேர் போய் இறங்கினோம். ஜூன் மாத வெயில். விஸாலின் வீட்டு முன்வெளியில் பந்தல் போட்டு வாடகை நாற்காலிகள் போட்டிருந்தார்கள். பெண்கள் உள்ளே, ஜன்னலுக்குப் பின்னால். நடுவில் முஃப்லிஹ், புது அங்கி, தன் இரண்டு மகன்கள் இருபக்கமும். பெரியப்பா பழுப்பு அங்கியைச் சரிசெய்துகொண்டு உட்கார்ந்தார். கோப்பை வந்தது. கீழே வைத்தார். எழுந்து பேசினார். நன்றாகத்தான் பேசுவார், ஆனால் நீளம். எங்கள் பாட்டனாருக்குப் பாட்டனார் வரை போய்த் திரும்பி வந்து, ஒருவழியாகப் பெண்ணைக் கேட்டுவிட்டு உட்கார்ந்தார்.

முஃப்லிஹ் எழுந்து இரண்டு வார்த்தை சொல்ல வேண்டும். அவ்வளவுதான் வேலை. அவர் தன் பாட்டனாரிலிருந்து ஆரம்பித்தார். பிறகு தன் கடை. பிறகு தன் அண்ணன் மகளை எப்படிக் கண்ணுக்குள் வைத்து வளர்த்தோம் என்பது. அவள் எவ்வளவு நல்ல டீச்சர் என்றார். ரினாத் தண்ணீர் பரிசோதனைக் கூடத்தில் வேலை பார்க்கிறாள். ஜன்னலுக்குப் பின்னால் யாரோ இருமினார்கள். அவர் நிறுத்தவில்லை. இவ்வளவு பெரிய கூட்டம் தன் வாயையே பார்த்துக்கொண்டிருப்பது அவருக்கு இதற்குமுன் கிடைத்ததில்லை போலும். கடைசியில், பெரிய குடும்பங்களில் அவசரப்பட மாட்டார்கள், யோசிக்க ஒரு வாரம் தேவைப்படும் என்றார்.

அப்பா என் பக்கம் திரும்பினார். நான் என் காலணியைப் பார்த்தேன்.

யோசிப்பது என்றால் என்னவெல்லாம் என்று முஃப்லிஹ் விளக்க ஆரம்பித்தார். பெரியப்பாவுக்கு எழுபத்தாறு வயது, சர்க்கரை, பந்தலுக்கு அடியிலும் வெயில், இவ்வளவு பேசிக் காய்ந்துபோன தொண்டை. அவர் கை தன்பாட்டுக்குக் கீழே போனது, கோப்பையை எடுத்தது, வாயில் கவிழ்த்தது. வீட்டில் தினமும் செய்கிற மாதிரி.

பதில் வருவதற்குமுன் குடித்தால் பெண் கேட்டதைத் திரும்பப் பெற்றுக்கொண்டதாக அர்த்தம். எங்கள் பக்கம் விரல் சூப்பும் பிள்ளைக்குக்கூட இது தெரியும். அப்பா கண்ணை மூடிக்கொண்டார். பெரியப்பா காலிக் கோப்பையை யாரோ தன் கையில் திணித்துவிட்டுப் போன பொருள் மாதிரிப் பார்த்தார்.

முஃப்லிஹ் சிரித்தார். "குடிச்சிட்டீங்களே ஹாஜி. அப்ப எங்க பொண்ணு வேண்டாம்ங்கறீங்க."

எனக்கு எழுந்து ஓட வேண்டும் போல இருந்தது. அவரைத் தேடிப் போய் அழைத்து வந்தவன் நான்தான் என்பது மட்டும் இல்லாவிட்டால் ஓடியிருப்பேன்.

உள்ளேயிருந்து விஸால் வந்தார். கையில் காப்பிக் கெண்டி. அலங்காரம் எதுவும் இல்லை, வேலைக்குப் போகிற அதே முக்காடு. முஃப்லிஹைத் தாண்டி வந்து, பெரியப்பாவின் கையிலிருந்த கோப்பையை எடுத்து, கொஞ்சம் ஊற்றி, திரும்ப அவர் கையிலேயே கொடுத்தார்.

"இது வேற காப்பி ஹாஜி. மொதல்ல கேளுங்க. அப்புறம் குடிங்க."

பெரியப்பா முஃப்லிஹைப் பார்த்தார். பிறகு என் அப்பாவை. யாரும் உதவவில்லை. கோப்பையைக் கீழே வைத்தார். கைத்தடியை ஊன்றி எழுந்து நின்றார். பாட்டனார் யாரும் இந்த முறை வரவில்லை.

"ரினாத் அம்மா, உங்க பொண்ண எங்க பையனுக்குக் கேக்கறோம்."

விஸால் கெண்டியைக் கீழே வைத்தார். என் பக்கம் திரும்பினார். "அதுக்கு முன்னால இவன் எனக்கு ஒண்ணு சொல்லணும். முஃப்லிஹை யாரு கூட்டிட்டு வந்தது?"

முப்பத்தெட்டுப் பேர் என்னைப் பார்த்தார்கள். இவ்வளவு படித்தும் எழுந்து நிற்பதா, உட்கார்ந்தே சொல்வதா என்று தெரியவில்லை. எழுந்தேன்.

"நான்தான்."

"ஏன்?"

அப்பாவின் மனம், ஊரின் வழக்கம், பெரியப்பாவின் பெயர் என்று மூன்று நல்ல பதில்கள் தயாராக இருந்தன. ஜன்னலுக்குப் பின்னால் ரினாத் நிற்பது தெரிந்தது. "பயந்துட்டேன்" என்றேன்.

"நாளைக்கு எங்க வீட்டு விஷயத்துல என்னையோ அவளையோ கேக்காம யாரையாவது நடுவுல வெப்பியா?"

"மாட்டேன்."

விஸால் ஜன்னல் பக்கம் ஒரு பார்வை பார்த்தார். அங்கே என்ன பதில் வந்தது என்று எனக்குத் தெரியாது. "கேட்டது கிடைச்சுது ஹாஜி. குடிங்க" என்றார்.

பெரியப்பா குடித்தார். எல்லோரும் கையேந்தி ஃபாத்திஹா ஓதினோம். முஃப்லிஹ் கோபித்துக்கொண்டு போய்விடுவார் என்று நினைத்தேன். குனாஃபா வந்தது, உட்கார்ந்து இரண்டு தட்டு சாப்பிட்டார். வீட்டுக்கும் கட்டி வாங்கிக்கொண்டார்.

திரும்பும் வழியில் பெரியப்பா என் வண்டியில் முன்னால் உட்கார்ந்திருந்தார். முதல் மலை வளைவு வரை பேசவில்லை. பிறகு ஆரம்பித்தார். அந்த டயர்க்காரன் பேச்சைப் பார்த்ததுமே அவனிடம் பெண் கேட்கக்கூடாது என்று தெரிந்துவிட்டதாம். வேண்டுமென்றேதான் குடித்தாராம். கேட்டதை அவனிடமிருந்து பிடுங்கி உரியவரிடம் கேட்பதற்கு வேறு வழியில்லையாம். பின்சீட்டில் அப்பா "ஆமா, ஆமா" என்றார். வீடு சேர்வதற்குள் இந்தக் கதை ஊருக்கே போய்ச் சேர்ந்துவிடும் என்று தெரிந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு ஓட்டினேன்.

போன் அடித்தது. விஸால். ஸ்பீக்கரில் போட்டேன்.

"குனாஃபா தட்டு ஒண்ணு உங்க வண்டில ஏறிப் போயிருக்கு. நாளைக்குக் கடைக்குத் திருப்பணும்."

பெரியப்பா யாராவது ஒரு பையனிடம் கொடுத்து அனுப்புவதாகச் சொல்லச் சொல்லி எனக்குக் கைகாட்டினார்.

"ஷாஹிர், கேக்குதா? நீயே கொண்டு வா. ஆள் அனுப்பாத."