ஆற்றிலிருந்து கரையேறியவன்

படங்கள் பேசத் தொடங்காத காலத்தில், கொட்டகையில் படம் காட்டும் மெஷினைக் கையால்தான் சுற்றுவார்கள். எங்கள் தெருச் சுற்றுக்காரர் பதினோரு வருடம் சுற்றியதில் வலது கை தூணாகப் பருத்து, சட்டைக்கு இரண்டு அளவில் கை வைத்துத் தைக்க வேண்டியிருந்தது. தைத்தவள் அவர் மனைவி என்பதால் ஊருக்குத் தெரியாது; பக்கத்து வீடு என்பதால் எனக்குத் தெரியும்.

அந்த வருடம் வந்த படம், கடிகாரம் பழுதுபார்க்கும் ஒருவனின் கதை. எதிர்வீட்டு ஜன்னலில் தெரிந்த ஒருத்தியையே நினைத்து நினைத்து அவனுக்குப் புத்தி பேதலித்துவிடும். கடைசி ரீலில் ஆற்றில் இறங்கி மூழ்கிப்போவான். தினம் மூன்று காட்சி. ஐந்தாவது வாரம் சுற்றுக்காரர் வீட்டுச் சுவரைப் பார்த்து, "வேணாம்டா, திரும்பிப் போ" என்று கெஞ்ச ஆரம்பித்தார்.

"படத்துல இருக்கறவனுக்குத்தானே பைத்தியம்? உங்களுக்கு என்ன வந்துச்சு?" என்றாள் மனைவி.

"அவன் தானா இறங்கலடி. நான் சுத்துறேன், அவன் இறங்குறான். தினம் மூணு கொலை. இன்னிக்கு நிறுத்திடப்போறேன்."

பாதியில் நிறுத்தினால் விளக்குச் சூட்டில் ஃபிலிம் பற்றிக்கொள்ளும், கொட்டகையே வெந்துபோகும். அது தெரிந்தும்தான் அவர் சொன்னார். பைத்தியத்தோடு வாதாடினால் நமக்கும் ஒட்டிக்கொள்ளும் என்பது அவள் கட்சி. ஊசியைத் துணியில் குத்திவைத்துவிட்டு, மாலைக் காட்சிக்கு அவரோடு மெஷின் அறைக்குள் போய் உட்கார்ந்துகொண்டாள்.

கடைசி ரீல். கடிகாரக்காரன் இடுப்பளவு தண்ணீரில் நின்றான். சுற்றுக்காரரின் கை தளர்ந்தது. கருகல் வாடை மூக்கில் ஏறியது.

"நிறுத்தாதீங்க," என்றாள் அவள். "பின்னாடி சுத்துனா என்ன ஆகும்?"

பதினோரு வருடத்தில் அவருக்கு அது தோன்றியதே இல்லை. கைப்பிடியை எதிர்ப்பக்கம் திருப்பினார்.

கடிகாரக்காரன் பின்பக்கமாகவே நடந்து கரையேறினான். ஈரச் சட்டை உலர்ந்தது. தெருவெல்லாம் பின்வாங்கி வீட்டுக்குள் புகுந்தான், கதவு சாத்திக்கொண்டது. கொட்டகையில் பறந்த விசிலில் கூரைத் தகரம் நான்கு கழன்று விழுந்தது. அதில் ஒன்று இன்னும் எங்கள் கொல்லையில் கிடக்கிறது.

முதலாளி மூச்சிரைக்கப் படியேறி வந்தார். "யோவ், உன் சீட்டைக் கிழிக்கத்தான் வந்தேன். கீழ ஜனங்க மறுபடி போடச் சொல்லுது. நாளைக்கும் இப்படியே ஓட்டு."

"இல்ல முதலாளி, நேராவே ஓட்டுறேன்."

"மறுபடி இறங்குவானேங்க," என்றாள் மனைவி மெதுவாக.

"அவன் வீட்டுக்குப் போயாச்சு. நாளைக்கு இறங்குறவன் சம்பளத்துக்கு நடிக்கிறவன்."

பேசும் படம் வரும்வரை அவர்தான் சுற்றினார். எத்தனையோ பேர் அவர் கையால் செத்தார்கள். ஒருவரும் வீடுவரை வரவில்லை.