வெறும் தண்ணீருக்குத் தீனி

போன ஞாயிற்றுக்கிழமை மகள் புதிதாக ஒரு மீன்தொட்டி வாங்கி வந்தாள். அடியில் பரப்பும் கூழாங்கல்லைக் கழுவ என்னைப் பிடித்து உட்கார வைத்துவிட்டாள். வாளியில் கல்லைக் கொட்டித் தண்ணீர் ஊற்றியதும் எழுந்தது பாருங்கள் ஒரு மணம், ஈர மண்ணும் பாசியும் கலந்து! நேரே சிங்காநல்லூர் வாடகை வீட்டுக்குப் போய்விட்டேன்.

கல்யாணமான புதிது. எனக்குப் பம்புசெட் பட்டறையில் வேலை. மனைவி காரமடைக்காரி, விலங்கியல் படித்தவள். அந்தப் படிப்பு வீடு வரைக்கும் வரும் என்று தாலி கட்டும்போது எனக்குத் தோன்றவில்லை. மீன் வளர்க்க ஆசை என்றாள், தொட்டி வாங்கினோம். அன்றும் கல் கழுவியது நான்தான். பளிச்சென்று இருக்கட்டுமே என்று சோப்புத்தூள் போட்டுத் தேய்த்தேன். அவள் ஒரு கல்லை எடுத்து முகர்ந்தாள்.

"ஏனுங்க, இது மீனுக்கா, துணிக்கா?"

மொத்தத்தையும் வாசலில் கொட்டிவிட்டு வேறு கல் வாங்கி வரச் சொன்னாள்.

கல், தண்ணீர், குமிழி விடும் மோட்டார் எல்லாம் வந்தாயிற்று. மீன் மட்டும் வரவில்லை. தண்ணீர் முதலில் பக்குவமாக வேண்டுமாம். தினமும் காலையில் ஒரு சிட்டிகை மீன்தீனி போடுவாள். அது அழுகி, அந்தக் கழிவைத் தின்கிற நுண்ணுயிர் பெருகினால்தான் மீன் பிழைக்குமாம். எனக்குப் பாதிதான் புரிந்தது. தலையை மட்டும் முழுசாக ஆட்டினேன்.

பக்கத்து வீட்டு அக்கா இதை ஜன்னல் வழியாகப் பார்த்திருக்கிறார். புதுப்பெண் வெறும் தண்ணீருக்குத் தீனி போடுகிறாள், அப்புறம் குனிந்து உற்றுப் பார்க்கிறாள். அந்த அக்காவின் தங்கை இருந்தது கிணத்துக்கடவில், எங்கள் அம்மாவுக்கு எதிர்வீட்டில். அப்புறம் சொல்ல வேண்டுமா? இரண்டு மாற்றுச் சேலையோடு அம்மா வந்து இறங்கிவிட்டார்.

நேரடியாகக் கேட்க அவருக்கு மனசு வரவில்லை.

"ஏன் அம்மணி, மீனெல்லாம் நல்லாத் திங்குதா?"

"மீன் இன்னும் வாங்கலீங்க அத்தை. இது தண்ணிக்குங்க."

அம்மா என்னை அடுப்படிக்கு இழுத்துப் போனார். "கண்ணு, எத்தன நாளாடா இப்படி?"

"கல்யாணத்துலருந்தே இப்படித்தான்மா" என்று நான் விளையாட்டாகச் சொல்லித் தொலைத்தேன். அம்மாவுக்குக் கண் கலங்கிவிட்டது. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அங்கேயே உட்கார்ந்துவிட்டார்.

மனைவி வந்தாள். என்னை ஒரு முறை முறைத்துவிட்டு அம்மாவின் பக்கத்தில் உட்கார்ந்தாள். "பாலுக்கு ஒறை ஊத்தறமில்லீங்க அத்தை? கண்ணுக்குத் தெரியாத உசுருதான அதைத் தயிராக்குது? அந்த மாதிரி இந்தத் தண்ணியும் ஆகோணுமுங்க."

"அட, இவ்வளவுதானா!" என்றார் அம்மா. அடுத்த நிமிஷமே தொட்டிக்குக் காவலாகிவிட்டார். நான் பக்கத்தில் நடந்தால்கூட அதட்டல். நோட்டம் விட வந்த பக்கத்து வீட்டு அக்காவிடம், "தண்ணி ஒறைஞ்சிட்டிருக்குதுங்க, சித்த மெதுவாப் பேசுங்க" என்றார். அக்கா பாவம், வீட்டில் இரண்டு பேருக்கு மறை கழன்றுவிட்டது என்று முடிவு கட்டியிருப்பார்.

நடுவில் தண்ணீர் கலங்கியபோது மனைவியைவிட அம்மாதான் அதிகம் கவலைப்பட்டார். தெளியும்வரை ஊருக்குப் போக மாட்டேன் என்றுவிட்டார். தெளிந்ததும் கடைக்கு வந்து, இரண்டு சிவப்பு மீன்களை அவரே பொறுக்கினார். பையோடு அவற்றைத் தண்ணீரில் மிதக்கவிட்டு, பிறகு மெல்லத் திறந்து விட்டதும் அவர்தான். "போங்க சாமி, நல்லாருங்க" என்றார். அன்று மாலையே கிணத்துக்கடவு பஸ் ஏறிவிட்டார்.

அம்மா போய்ச் சேர்ந்து வெகு காலமாகிறது. இப்போது மகளின் தொட்டிமுன் நானும் மனைவியும் உட்கார்ந்து வெறும் தண்ணீரைப் பார்த்துக்கொண்டிருக்கிறோம். எதிர் ஃபிளாட்டின் கதவு எப்போதும் சாத்தியே இருக்கிறது. எங்களுக்குப் பைத்தியம் பிடித்துவிட்டது என்று ஊருக்குச் சொல்லி அனுப்ப ஆளில்லை. சொன்னாலும், பதறியடித்து பஸ் ஏறி வர ஊரில் யாருமில்லை.