கிரிசாந்தோ முன்னாலேயே விழுந்த நாள்

எங்கள் ஊர் கலோக்கான் சந்தையில் என் புருஷன் கிரிசாந்தோவுக்கு எவளும் நல்ல மீன் தரமாட்டாள். "போன படத்துல கன்னியாஸ்திரியைக் கொன்ன பாவி, உனக்கு மீனு ஒரு கேடா?" என்பாள். பத்தொன்பது வருஷம் இவருக்கு அடியாள் வேஷம்தான். வில்லன் பின்னால் நின்று முறைப்பார், கதாநாயகனிடம் உதை வாங்கிச் சாவார்.

அந்தக் கதாநாயகன் பெரும்பாலும் ரிகோர் வால்டெமோர். மற்ற நடிகர்கள் குத்தை ஒரு விரற்கடை முன்னால் நிறுத்திவிடுவார்கள். நாசமாய்ப் போறவன், இவன் நிறுத்தமாட்டான். இவருக்கு இரண்டு பல்லும் ஒரு விலா எலும்பும் போயின. "நிஜமாத் தெரியணும்ல, பூரிங்" என்று என்னைப் பேர் சொல்லிக் கூப்பிட்டு இவர் அவனுக்கே பரிந்து பேசுவார். எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

எங்கள் மகள் அம்பாரோ கல்யாணத்துக்கு மணமக்களுக்குச் சாட்சியாக நிற்கும் ஞானத்தகப்பனாக அவனையே கேட்கப் போவதாகச் சொன்னார்.

"உங்களுக்கு ரோஷமே கிடையாதா?"

"இத்தனை அடி வாங்கியிருக்கேன். உறவுன்னு ஒண்ணாவது மிஞ்சட்டும்டி."

எங்கள் ஊரில் ஞானத்தகப்பனாகக் கூப்பிட்டால் மறுக்கக் கூடாது. மறுத்தால் மணமக்களுக்கு ஆகாது. படப்பிடிப்பில் எல்லார் முன்னாலும் இவர் கேட்டதால் அவன் தலையாட்டித் தொலைத்தான். அழைப்பிதழில் அவன் பெயரை முதலில் போட்டோம். அவனைப் பார்க்கவே தெரு முழுக்கக் கோயிலுக்குத் திரண்டது.

வந்தது அவனுடைய டிரைவர். "கோவிச்சுக்காதீங்கண்ணே. சார் சேவல் சண்டைக்குப் போயிட்டார். அவருக்குப் பதிலா என்னை நிக்கச் சொன்னார்."

பதிலாள் நிற்பது வழக்கம்தான். ஆனால் அது கடல் கடந்து போனவனுக்கும் படுத்த படுக்கையாய்க் கிடப்பவனுக்கும். பின்வரிசையில் சிரித்தார்கள். நான் கூனிக் குறுகிப் போனேன். இவரோ டிரைவரை மரியாதையாக முன்வரிசையில் உட்காரவைத்தார்.

அடுத்த வாரம் படப்பிடிப்புக்குச் சோறு கொண்டுபோயிருந்தேன். இவர் வால்டெமோரிடம் போய், "என்ன கும்பாரே, சேவல் ஜெயிச்சுதா?" என்றார். ஞானத்தகப்பனும் பெற்றவனும் ஒருவரையொருவர் அப்படித்தான் கூப்பிடுவார்கள்.

"யாருடா உனக்குக் கும்பாரே? என் டிரைவரைப் போய்க் கூப்பிடு. இங்க வாங்குற அடியை வாங்கிட்டுக் கிளம்பு."

கேமரா ஓடியது. குத்து வந்து சேரும் முன்பே இவர் விழுந்தார். வால்டெமோர் காற்றைக் குத்திவிட்டு நின்றான். மறுபடி எடுத்தார்கள். இவர் மறுபடியும் முன்னாலேயே விழுந்தார்.

"மன்னிச்சுக்கங்க டைரக்டர். அவர் முறைச்சதுலயே விழுந்துட்டேன்."

விளக்குப் பிடிப்பவன்கூடச் சிரித்தான். மூன்றாம் முறை வால்டெமோர் வெறியோடு கையை வீசி, தானே நிலைதடுமாறிச் சேற்றில் குப்புற விழுந்தான்.

இவரை அப்போதே வெளியே அனுப்பினார்கள். அதற்குப் பிறகு எந்தக் கம்பெனியும் கூப்பிடவில்லை.

அன்று எனக்குத் தாங்க முடியாத சந்தோஷம். கோழி வாங்கி வினிகர் ஊற்றிச் சமைத்துப் போட்டேன். இவர் தட்டைத் தொடவில்லை.

"இதைப் பத்தொன்பது வருஷம் முன்னாடியே செஞ்சிருக்கணும்" என்றேன்.

"என்னை மாதிரி விழ ஊர்ல ஆள் கிடையாது, பூரிங்" என்றார். "இன்னிக்கு வேணும்னே தப்பா விழுந்துட்டேன்."

சொல்லிவிட்டு அழுதார்.