பாவாயி அக்காவும் ருக்குமணி அக்காவும் ராஜியான நாள்

கார்பன் பேப்பர் வாசனை... ராசிபுரம் கோர்ட்டில் ஜூனியராகச் சேர்ந்த புதிதில் என் விரல்களில் எப்போதும் அதுதான். மதியம் எலுமிச்சை சாதத்தைப் பிசைந்தாலும் கார்பன்தான் மணக்கும்.

அப்போது எங்கள் ஆபீஸுக்கு வந்த கட்சிக்காரர் ருக்குமணி அக்கா. பக்கத்துத் தோட்டத்துப் பாவாயி அக்காவைப் பிடித்துத் தள்ளி, மணிக்கட்டை உடைத்துவிட்டதாகக் கேஸ். பாவாயி அக்காவின் வெள்ளாடு இவருடைய கடலைக்காட்டில் புகுந்து மேய்ந்ததில் ஆரம்பித்த சண்டை.

இருவருக்கும் ஐம்பது வயதிருக்கும். வாய்தாவுக்கு ஒரே பஸ்ஸில்தான் வருவார்கள். ஒருவர் முன்படியில் இறங்கினால் மற்றவர் பின்படியில். வராண்டாவில் ஆளுக்கொரு மூலை. பார்க்காத மாதிரியே பார்த்துக்கொண்டிருப்பார்கள்.

பாவாயி அக்கா சாட்சி சொல்ல வேண்டிய நாள் வந்தது. ருக்குமணி அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"அம்மிணி, எம்மக மாசமா இருக்கறா. பிரசவத்துக்கு எங்கூட்டுக்குத்தான் வந்திருக்கறா. நான் உள்ள போயிட்டா அவளை யாருங்க பாப்பாங்க?"

தள்ளியது உண்மைதான் என்று முன்பே என்னிடம் சொல்லியிருந்தார். சீனியர் வர இன்னும் நேரம் இருந்தது. அரசு வக்கீலிடம் கேட்டுக்கொண்டு நானே பாவாயி அக்காவிடம் போனேன். இருவரும் சம்மதித்து, கோர்ட்டும் அனுமதித்தால் கேஸை ராஜியாக முடிக்கலாம், ஆனால் உங்களுக்கு இஷ்டம் இருந்தால் மட்டும் என்றேன்.

அவர் கையை நீட்டிக் காட்டினார்.

"எலும்பு கூடிப்போச்சுங்க அம்மிணி. பால் கறக்கறேன், களை வெட்டறேன்... கைக்கு ஒண்ணுமில்ல. அன்னிக்கு அவ ஒரு வார்த்த சொன்னா. 'புள்ள பெக்காத உனக்கு ஆடுதான் புள்ளையா'ன்னு கேட்டா. அத ஸ்டேஷன்ல நான் சொல்லலீங்க. எப்படிங்க சொல்லறது?"

எக்ஸ்-ரே, டாக்டர் சர்டிபிகேட் எல்லாம் எனக்கு மனப்பாடம். இந்த வலியைப் பற்றி மட்டும் எதுவுமே தெரிந்திருக்கவில்லை.

ருக்குமணி அக்காவிடம் வந்து சொன்னேன். அப்படிச் சொல்லவே இல்லை என்று அவர் மறுக்கவில்லை. எழுந்து நேராக எதிர் மூலைக்கு நடந்தார். நான் பின்னாலேயே ஓடினேன்.

"பாவாயி... தள்ளுனது கோவத்துல. அந்த வார்த்த அப்படியில்ல. உன்னைய நோகடிக்கோணும்னேதான் சொன்னேன். சொல்லியிருக்கக் கூடாது. அன்னிக்கு எனக்கே சோறு எறங்கல."

பாவாயி அக்கா தலை நிமிராமலே கேட்டார். "இத அப்பவே வந்து சொல்லறதுக்கு என்ன?"

"வந்தேன். உங்கூட்டு வேலி வரைக்கும் வந்துட்டுத் திரும்பிப் போயிட்டேன்."

பாவாயி அக்கா முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். "செரி, வா உள்ள" என்றார்.

நாங்கள் எழுதிக் கொடுத்த ராஜி மனுவைப் படித்த மாஜிஸ்திரேட் பாவாயி அக்காவைக் கூப்பிட்டு, "யாராவது மிரட்டிச் சம்மதிக்க வெச்சாங்களாம்மா?" என்று கேட்டார்.

"என்னைய யாருங்க சாமி மிரட்டறது? ஊரே எனக்குத்தானுங்க பயப்படும்!"

கோர்ட் ஹாலே சிரித்துவிட்டது. மாஜிஸ்திரேட்டும் குனிந்து சிரிப்பை அடக்கிக்கொண்டுதான் ஆர்டர் போட்டார். ருக்குமணி அக்காவுக்கு விடுதலை.

வெளியே வந்ததும் பாவாயி அக்கா கேட்டார்.

"மகளுக்கு எப்ப நாளு?"

"ஆடி பொறந்ததும்."

"தண்ணி காய வெக்க வெறகு சேத்திருக்கறயா? எங்கூட்டுல கருவேல வெறகு கெடக்குது. ஆளை உட்டு எடுத்துக்க."

...

இப்போது நான் சமரச மையத்தில் மத்தியஸ்தராக உட்காருகிறேன். ஏசி ரூம், வட்ட மேஜை, ஆளுக்கொரு தண்ணீர் பாட்டில். நல்ல வசதி. ஜனங்கள் அத்தனை வாய்தாவுக்கு அலைய வேண்டியதில்லை என்பதில் எனக்கு நிஜமாகவே சந்தோஷம்.

ஆனால் பாதிப் பேர் டைப் செய்த ராஜி மெமோவோடு வருகிறார்கள். கையெழுத்துப் போடுகிறார்கள். எதிராளியின் முகத்தைக்கூடப் பார்க்காமல் போய்விடுகிறார்கள். கேஸ் முடிந்துவிடுகிறது...

அதனால் பேனாவைக் கொடுப்பதற்கு முன்னால், "மனசுல வேற ஏதாவது இருக்குதுங்களா?" என்று கேட்பேன். பெரும்பாலும் "இல்லீங்க மேடம்" என்பார்கள்.

சில நாள் யாராவது ஒருவர் நாற்காலியைக் கொஞ்சம் முன்னால் இழுத்துப் போட்டு உட்காருவார்.

அன்றைக்கு வீட்டுக்குப் போக லேட்டாகும். பரவாயில்லை.