வாசிக்காமல் போட்ட புள்ளி

மண்முனையில் பாலம் வராத காலம். கொக்கட்டிச்சோலையில் ஆசிரியராக இருந்த நான், புதிதாக மணந்த மனைவியுடன் வாவியைக் கடந்து பட்டணத்துக்குப் படம் பார்க்கப் போவேன். கடைசிப் படகு தவறிவிடும் என்பதால் படம் முடியுமுன்னே எழுந்துவிடுவோம். பார்க்காத முடிவை வழியெல்லாம் அவளே இட்டுக்கட்டிச் சொல்வாள். ஒரு படத்திலும் எவரையும் அவள் சாக விட்டதில்லை.

பல ஆண்டுகள் கழித்து, நான் ஓய்வுபெற்றபின், பட்டணத்துக்கு ஒரு படம் வந்தது. தணிக்கைச் சபை அனுமதித்ததுதான். ஆனால் அதில் ஒரு மகள், தடுக்கும் உறவினரை மீறித் தகப்பனுக்குக் கொள்ளி வைக்கிறாள் என்று ஊர் கொதித்தது. கோயில் மண்டபத்தில் கூட்டம் கூடியது.

"சேர், நீங்க எழுதினாத்தான் எடுபடும்" என்றார்கள்.

படத்தைப் பாராமலே, அதை நிறுத்தக் கோரி இரண்டு பக்கம் எழுதி, முதல் கையொப்பமும் இட்டேன். மூன்றாம் நாள் படம் நிறுத்தப்பட்டது.

மனைவி கேட்டாள்: "இவ்வளவு காலமும் சோதனைப் பேப்பர் திருத்தினீங்களே, ஒருநாளாவது வாசிக்காமப் புள்ளி போட்டீங்களா?"

நான் பத்திரிகையை எடுத்து விரித்தேன்.

"ஞாயித்துக்கிழம போவமெண்டு இருந்தன்" என்றவள், எடுத்து வைத்திருந்த சேலையை மடித்து அலுமாரியில் வைத்தாள்.

சென்ற ஆண்டு அவள் காலமானாள். எங்களுக்கு ஒரே மகள். கொள்ளி வைக்க என் தம்பியின் மகனை ஆயத்தப்படுத்தினார்கள். அப்போது மகள் என்னருகே வந்தாள்.

"அப்பா, அம்மாவுக்கு நான்தான் வைப்பன். அவ என்னட்டக் கேட்டவ."

அன்று கோயில் மண்டபக் கூட்டத்தில் இருந்த ஒருவர் மெல்லக் கேட்டார்: "சேர், இது கூடாதெண்டு நீங்கதானே எழுதினீங்க?"

"ஓம். பார்க்காம எழுதினன்."

கொள்ளிக்குடத்தை நானே தூக்கி மகளின் தோளில் வைத்தேன். எவரும் தடுக்கவில்லை.

முப்பத்தோராம் நாள் கடமைகள் முடிந்தபின் அந்தப் படத்தை வீட்டில் பார்த்தேன். ஊரைக் கொதிக்க வைத்த காட்சியில் அந்த மகள் ஒரு சொல்லும் பேசவில்லை, அழுதாள், அவ்வளவுதான். பிடிக்கவேண்டிய படகு ஏதும் இல்லாததால் முடிவு வரை எழாமல் இருந்தேன்.

இன்றும் யாராவது ஒரு தாளை நீட்டிக் கையொப்பம் கேட்டால், புள்ளி பற்றிக் கேட்ட மனைவிக்கு அன்று சொல்லாத பதிலை மனத்துக்குள் சொல்லிவிட்டுத்தான் வாசிக்கத் தொடங்குகிறேன்.