பியெரோ விழுந்த இடங்கள்

சினிமாவில் கண்டினியூட்டி பார்ப்பது என்றால், எல்லாரும் நடிப்பைப் பார்க்கும்போது நீங்கள் மட்டும் சட்டைப் பொத்தானைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். போன ஷாட்டில் கப் வலது கையில் இருந்ததா, இந்த ஷாட்டிலும் அதே கையா, இதுதான் வேலை. வீட்டில் யார் எதை எங்கே வைத்தார்கள் என்று கண்காணித்தே பாதி ஆயுள் போன உங்களுக்கும் எனக்கும் இதற்குத் தனிப் பயிற்சி தேவையில்லை.

நான் ஐ.டி.யில் டெஸ்டராக இருந்தவள். ஆக்லாந்தில் அந்த வேலை போன பிறகு, ஒரு விளம்பரத்தைப் பார்த்து, கண்டினியூட்டி பார்க்க பியெரோவிடம் சேர்ந்தேன். இத்தாலிக்காரர், அறுபதைத் தாண்டியவர். அங்கே டி.வி.யிலும் சினிமாவிலும் பேர்போன காமெடி நடிகர். சொந்தமாக இரண்டு படமும் எடுத்தவர். மனைவி மார்கரெட் ஆக்லாந்துக்காரர் என்பதால் இங்கே குடிவந்துவிட்டார். இங்கே அவரை ஒருவருக்கும் தெரியாது. மூன்றாவது படத்தை அவரே எழுதி, நடித்து, இயக்கினார். யூனிட் மொத்தம் ஐந்து பேர். அவர் பேசியதெல்லாம் இங்கிலீஷ். நான் தமிழில் சொல்கிறேன்.

இன்டர்வியூ

ஆக்லாந்தின் நியூ லின் பகுதியில் ஒரு கஃபேக்கு வரச்சொன்னார். சி.வி.யை நீட்டினேன். வாங்கக் கை நீட்டியவர், நாற்காலியோடு பின்பக்கமாகச் சாய்ந்து தரையில் விழுந்தார். காபி முழுக்க கோட்டில். பக்கத்து மேஜைப் பெண் வீலென்று கத்தினாள்.

நான் பதறி எழுந்தேன். அவர் படுத்த வாக்கிலேயே, "விழுறப்ப என் கண்ணாடி எங்கே இருந்தது?" என்று கேட்டார். "நெத்தியில. விழுந்தப்புறம் மூக்குக்கு இறங்கிடுச்சு" என்றேன். எழுந்து உட்கார்ந்து கோட்டைத் துடைத்துக்கொண்டார்.

"போன வாரம் வந்தவர், வலிக்குதான்னு கேட்டார். நீங்க திங்கட்கிழமை வந்துடுங்க."

பிளாட்பாரம்

படத்தின் நாயகன் இந்த ஊருக்குப் புதிதாக வந்தவன். ரயிலைப் பிடிக்க ஓடி, பெட்டியோடு கவிழ வேண்டும். அனுமதி வாங்கி, நியூ லின் ஸ்டேஷனில் கேமராவைத் தூரத்தில் மறைவாக வைத்தோம். பியெரோ விழுந்தார். பெட்டி ஒரு பக்கம், ஷூ ஒரு பக்கம். பிரமாதம்.

ரயிலேறப் போன ஒரு அம்மா, பையைப் போட்டுவிட்டு ஓடிவந்து அவர் பக்கத்தில் மண்டியிட்டார். "ஐயோ, ஷாட்!" என்று நான் தமிழில் அலறியது அந்த அம்மா காதில் விழுந்திருக்க வேண்டும். "பிள்ளை, ஆளை அசைக்காதேங்கோ. ஆம்புலன்சுக்கு அடியுங்கோ!" என்றார். யாழ்ப்பாணத்துக்காரர், நர்ஸ். சினிமா என்று சொன்னேன். "நடிப்பெண்டால் முதலே சொல்லியிருக்கலாமெல்லோ" என்று பையை எடுத்துக்கொண்டார். அவருடைய ரயில் போய்விட்டிருந்தது.

அடுத்த டேக்கில் மூன்று பேர் ஓடிவந்தார்கள். அதற்கடுத்ததில் ஒருவர் சக்கர நாற்காலியே தள்ளிக்கொண்டு வந்தார். பியெரோ பெஞ்சில் சோர்ந்து உட்கார்ந்தார்.

"எங்க ஊர்ல நான் விழுந்தா சிரிப்பாங்க. இங்கே காப்பாத்த வர்றாங்க. என் தொழிலுக்கு இது நல்ல ஊர் இல்லை."

இரண்டாவது படம்

மவுண்ட் ஆல்பர்ட்டில் ஒரு பழைய மரவீட்டில் படப்பிடிப்பு. மதியச் சாப்பாட்டு நேரத்தில், இரண்டாவது படத்துக்கும் இதற்கும் ஏன் பதினோரு வருஷ இடைவெளி என்று கேட்டுவிட்டேன். வானிலை சொல்வது போலச் சொன்னார்.

முதல் படத்தில் முழுக்க விழுந்துகொண்டே இருந்தாராம்; படம் ஓடியது. இரண்டாவதில் விழுவதில்லை என்று முடிவு செய்தார். அப்பாவைப் பறிகொடுத்த தையல்காரரின் கதை. சவப்பெட்டி பக்கத்தில் நின்று அவர் அழும்போது தியேட்டரில் ஒருவர் சிரித்தார். அப்புறம் நாலு பேர். அப்புறம் தியேட்டரே சிரித்தது. இப்போது பெட்டிக்குள் விழுவார் என்று காத்திருந்தார்களாம். ஒரே வாரத்தில் படத்தைத் தூக்கிவிட்டார்கள்.

ஆறுதல் சொல்லத் தெரியாமல், "அந்த சீன் நல்லா இருந்ததா?" என்று கேட்டேன். சாண்ட்விச்சை மென்றுகொண்டே யோசித்தார்.

"நல்லா இருந்தது. எல்லாரும் சிரிச்சுக்கிட்டு இருந்ததால யாரும் பார்க்கலை."

எட்டு டேக்

அதே வீட்டில் மறுநாள். நாயகன் ஊருக்குப் போன் செய்கிறான், ஞாபகம் தப்பிப்போன அம்மா, "யார் பேசுறது?" என்கிறாள். எட்டு டேக் எடுத்தும் பியெரோவுக்குத் திருப்தி இல்லை. என் நோட்டில் எட்டு முறையும் ஒரே குறிப்பு இருந்தது. அதைப் படித்துக் காட்டினேன்: "அம்மா அதைக் கேட்டதும் சுவர்ப்பக்கம் திரும்பிக்கிறீங்க."

முகம் சிவந்துவிட்டது. "இந்த மூஞ்சியைப் பார்த்தா சிரிப்பாங்க" என்றார். எனக்கு என்ன தோன்றியதோ, "நான் மூஞ்சியைப் பார்க்கிறதே இல்லை சார், போன் எந்தக் காதுலன்னுதான் பார்க்கிறேன்" என்றேன்.

ஒன்பதாவது டேக்கில் அவர் திரும்பவில்லை. வசனம் முடிந்தது. அவர் அப்படியே நின்றார், கேமரா ஓடிக்கொண்டே இருந்தது. எங்கள் கேமராமேன் டேனியல், மலேசியத் தமிழர், கண்ணைத் துடைத்துக்கொண்டு என் பக்கம் குனிந்து கிசுகிசுத்தார்.

"இப்ப கட் யாரு சொல்றது லா? டைரக்டரு அங்க நிக்கிறாரு."

முதல் காட்சி

மவுண்ட் ரோஸ்கில்லில் ஒரு ஹாலை எடுத்துத் திரையிட்டோம். பிளாட்பாரத்தில் விழுந்தபோது ஜனங்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். போன் காட்சி வந்தது. ஹால் அடங்கியது. அந்த அமைதியில், முன்வரிசையில் யாரோ சிரித்தார்கள்.

என் பக்கத்தில் நின்ற பியெரோ கதவைப் பார்த்து நடக்க ஆரம்பித்தார். நான் அவர் கோட்டைப் பிடித்துக்கொண்டேன். வேறு யாரும் சேர்ந்து சிரிக்கவில்லை. சிரித்தது அவர் மனைவி மார்கரெட். வாயைப் பொத்தியிருந்தார், கண்ணிலிருந்து தாரைதாரையாக ஊற்றியது.

படம் முடிந்ததும் ஹால் சமையலறையில், எல்லாருக்கும் டீ ஊற்றியபடியே மார்கரெட் சொன்னார்: "அழுகை தாங்கலைன்னா எனக்குச் சிரிப்பாத்தான் வரும். அன்னைக்கு அந்தத் தையல்காரர் படத்துக்கும் தியேட்டர்ல முதல்ல சிரிச்சது நான்தான்."

பியெரோ கப்பைக் கீழே வைத்தார். "அப்பவே சொல்லியிருந்தா நான் இன்னும் நாலு படம் எடுத்திருப்பேனே" என்றார். மார்கரெட் மூக்கைச் சிந்தினார்.

"அதனாலதான் சொல்லலை."

ஒரு ஹால் நிறைய பேர் ஒரு நிமிஷம் சிரிக்க, ஐந்து பேர் ஒரு வருஷம் முகத்தை உம்மென்று வைத்துக்கொண்டு வேலை பார்க்க வேண்டும் என்பதுதான் காமெடி சினிமாவைப் பற்றி எனக்குத் தெரிந்த ஒரே ரகசியம்.