நான் கழுத்தை நெரித்த இளவரசி

பச்சரிசி மாவைக் கஞ்சித் தண்ணீரில் குழைத்து முகத்தில் அப்பினால், அது காயக் காயத் தோல் இழுபட்டு, சிரிக்கப் பார்த்தாலும் வாய் கோணிக்கொள்ளும். பேய்க்கு அதுதான் அழகு என்பார்கள் எங்கள் படக்காரப் பொடியன்மார். எழுபது தாண்டி நடிகையானவள் நான்; அவர்களுக்குப் பெத்தா, அதாவது பாட்டி. கைத்தொலைபேசியில் எடுத்து இணையத்தில் விடுகிற பேய்ப்படங்கள்தான். முதல் படத்தில் வெறும் பிணம். மூக்கில் ஈ இருந்தும் அசையாமல் கிடந்தேன் என்று அடுத்ததில் கிணற்றுப் பேயாக உயர்த்தினார்கள். மூன்றாவதில் வாவிக்கரைச் சேற்றில் ஊர்ந்து வந்ததில் முழங்கால் போயிற்று. அதைப் பார்த்து யாரோ ஒரு பிள்ளைக்குக் காய்ச்சல் வந்ததாம். கேட்டு எவ்வளவு சந்தோசப்பட்டேன்!

சொல்ல வந்தது நாலாவது படத்தை. அதில் யாருடைய கழுத்தை நெரிக்க வேண்டும் என்று கேட்டேன்.

"பென்சன் எடுத்த மாஸ்டர் ஒராள், பெத்தா. சின்னராசா எண்டு பேர். கிரான் ஆள்."

எனக்குக் கை துறுதுறுத்தது.

எங்கள் ஊரான கிரானில் வயலில் வேளாண்மை வெட்டி முடிந்ததும் கூத்துப் பழகத் தொடங்குவார்கள். பழக்குகிற அண்ணாவியார் ஒரு நல்ல நாளில், ஆடப் போகிறவர்களிடம் வெற்றிலை வாங்கிக்கொண்டு, அவரவர் பாட்டு எழுதிய தாளைக் கொடுப்பார். "சட்டம் கொடுக்கிற" என்போம். பெண் வேசத்தையும் ஆண்கள்தான் கட்டுவார்கள். அது தெரிந்தும், பத்து வயதில், ஒரு கூறு வெற்றிலையோடு நானும் வரிசையில் போய் நின்றேன். எழுத்துத் தெரியாவிட்டால் என்ன, வேலிக்கு வெளியே நின்றே இளவரசி பாட்டு முழுதும் பாடமாக்கியிருந்தேனே!

"ஆருடைய பொடிச்சிடா இது?" என்றார் அண்ணாவியார். பதிலுக்குப் பாடத் தொடங்கினேன். இரண்டு வரி போகுமுன் வெற்றிலையைத் தட்டிவிட்டார். "பொம்புளப் புள்ள ஏறினா கூத்தாடுற களரி தீட்டுப்பட்டுத் துடக்காப் போயிரும். போய் உலையில அரிசியப் போடு!"

இளவரசிச் சட்டம் அவருடைய மகன் சின்னராசாவுக்குப் போனது. அவன் என்னைத் திரும்பிப் பார்த்து, "புள்ள, இளவரசிட சீலையத் துவைச்சுத் தாறியா?" என்றான். எல்லோரும் சிரித்தார்கள். சிரித்தவர்களில் என் அப்பாவும் இருந்தார்.

நாவற்குடாவில் ஒரு பாழ்வீட்டில் படப்பிடிப்பு. யன்னல்களைக் கறுப்புத் துணியால் மூடிப் பகலை இரவாக்கியிருந்தார்கள். சாயம் பூசிய தலையும் பல்செட்டுமாக நாற்காலியில் இருந்தார் சின்னராசா.

"என்னைத் தெரியுதா, மாஸ்டர்?"

"மாப் பூசின மூஞ்சியில ஆரக்கா கண்டுபிடிக்கிற?"

"சீலை துவைக்கக் கேட்டீங்களே, அந்தப் பொடிச்சி."

"அட! அத இன்னும் மனசுல வச்சிரிக்கியா?" என்று பல்செட்டு ஆடச் சிரித்தார்.

அந்தச் சிரிப்புப் போதும். படம் எடுக்கத் தொடங்கியதும் பின்னால் வந்து கழுத்தைப் பிடித்தேன். அவருக்குக் கண் பிதுங்கியது, பொடியன்மார் "சூப்பர் பெத்தா!" என்று கத்தினார்கள். நான் விடுவேனா? கை வழுக்கிற்று, இன்னொருதரம் என்றேன். அடுத்த தரம் தலைமுடி கண்ணை மறைத்தது. அதற்கடுத்த தரம் தும்மல் வந்தது. இப்படி ஏழு தரம்.

கடைசியில் அவர் கழுத்தைத் தடவிக்கொண்டு இருமினார். "நான் அப்ப சின்னப் பொடியன் கா. அப்பா செஞ்சதுக்கு நான் என்ன செய்யிற?"

"அவர் இல்லயே, மாஸ்டர். கைக்கு எட்டினது நீங்கதானே!"

கிரானில் நாங்கள் கூத்துப் பார்த்த இடத்தில் இன்று கடைகள். பெண்பிள்ளைகள் பள்ளிக்கூட மேடையில் ராசா வேசமே கட்டி ஆடுகிறார்கள். யாருக்கும் துடக்கு வரவில்லை. அந்தக் காலத்து ஆட்களில் அநேகமாக எல்லோரும் போய்விட்டார்கள். அவர்களில் இன்னும் கொஞ்சக் காலம் இருந்திருக்கலாமே என்று நான் மனசார ஏங்குவது அண்ணாவியார் ஒருவருக்காகத்தான். முன்னால் இருத்தி, மகனை நெரித்த ஏழு தரத்தையும் ஒன்று விடாமல் காட்டியிருப்பேன்.